கேள்வி பதில்: நெட்டை மலைக்கு எத்தனை பேருங்க?

போன இதழ்ல ஒரு வாசகர் வட அமெரிக்காவுலயே உயரமான மலை எதுன்னு கேட்டிருந்தார், நானும் "டெனாலி, அலாஸ்கா, 20,310 அடி"ன்னு ஒரே வரியில போட்டுட்டு அடுத்த கேள்விக்கு தாவிட்டேன். வினையே அங்கதான் ஆரம்பிச்சுது. வந்த கடிதத்துல பாதி "தப்பு"ன்னு சொல்லுது, மீதி பாதி "இன்னும் கொஞ்சம் சொல்லுங்களேன்"னு கேக்குது. அதனால இந்த தடவை முழுக்க அந்த மலைதான். சினிமா கேள்வி அனுப்பினவங்க கோச்சுக்காதீங்க, உங்க கடிதமெல்லாம் பத்திரமா இருக்கு.

கேள்வி: சார், அந்த மலை பேரு மெக்கின்லி. நான் ஸ்கூல்ல படிச்சதே அப்படித்தான். டெனாலின்னு போட்டிருக்கீங்களே, அச்சுப்பிழையா?

பதில்: அச்சுப்பிழை இல்லீங்க. நீங்க படிச்சதும் சரி, நான் எழுதினதும் சரி, அதுதான் இதுல இருக்கிற கூத்தே. 1917ல அந்த மலையை சுத்தி தேசியப் பூங்கா அமைச்சப்போ சட்டத்துலயே மெக்கின்லின்னு எழுதிட்டாங்க, அப்புறம் 2015 ஆகஸ்ட் வரைக்கும் அமெரிக்க மத்திய அரசு மேப்புல அந்த பேருதான். ஒபாமா அலாஸ்காவுக்கு டூர் கிளம்புற நேரத்துல அவரோட உள்துறைச் செயலர் சாலி ஜுவல் ஒரு உத்தரவுல கையெழுத்து போட்டு டெனாலின்னு மாத்தினாங்க. (அங்க உள்துறைன்னா போலீஸ் இல்ல, அரசு நிலம், காடு, பூங்கா இதெல்லாம் பாத்துக்கிற துறை.) 2025 ஜனவரி 20, டிரம்ப் ரெண்டாவது தடவை பதவி ஏத்துக்கிட்ட அன்னைக்கே கையெழுத்து போட்ட உத்தரவுகள்ல ஒண்ணு, அதை மறுபடி மெக்கின்லி ஆக்குறது.

ஆனா பூங்கா பேரை தொடல. 1980லயே அதுக்கு டெனாலி தேசியப் பூங்கான்னு பேரு மாத்திட்டாங்க, அது அப்படியே இருக்கு. அலாஸ்கா மாநில அரசைக் கேட்டா 1975ல இருந்தே மலைக்கும் டெனாலிதான்னு சொல்லும், 2025லயும் அந்த மாநில சட்டசபை டெனாலியே இருக்கட்டும்னு தீர்மானம் போட்டுச்சு. ஆக வீட்டுக்கு ஒரு பேரு, அதுக்குள்ள நிக்கிற வீட்டுக்காரருக்கு வேற பேரு. நான் ஏன் டெனாலின்னு எழுதுறேன்னு கேட்டீங்கன்னா அடுத்த கேள்விக்கு வாங்க.

கேள்வி: டெனாலின்னா என்ன அர்த்தம்? சிலர் "உயரமானது"ங்கிறாங்க, சிலர் "பெரிய மலை"ங்கிறாங்க, எது சரி?

பதில்: நல்லா மாட்டிவிட்டீங்க, ஏன்னா எனக்கு இந்த மலை விஷயத்துல ரொம்ப பிடிச்ச சமாச்சாரமே இதுதான்.

டெனாலிங்கிறது கொயுகான்னு ஒரு பழங்குடி மொழியில இருந்து வந்தது, அதுல அர்த்தம் "நெட்டையானது", "உசரமா நிக்கிறது" அப்படித்தான். நம்ம மொழியில நெட்டையன்னு சொல்ற மாதிரின்னு வச்சுக்கோங்களேன். ஆனா அந்த மலையை சுத்தி கொயுகான் மட்டும் இல்ல, அத்தபாஸ்கன் மொழிக் குடும்பத்தைச் சேர்ந்த பல ஜனங்க ஆயிரக்கணக்கான வருஷமா வேட்டையாடி, மீன் பிடிச்சு, பனிக்காலத்துக்கு ஒரு இடம் கோடைக்கு ஒரு இடம்னு நடமாடிக்கிட்டு இருந்தவங்க, ஒவ்வொருத்தருக்கும் அந்த மலைக்கு சொந்தமா ஒரு பேரு இருக்கு. அத்தபாஸ்கன் மொழிகளை வாழ்நாள் முழுக்க ஆராய்ச்சி பண்ண ஜேம்ஸ் கேரிங்கிற மொழியியல் அறிஞர் அந்த பேரையெல்லாம் ஊர் ஊரா பெரியவங்க கிட்ட கேட்டு பதிவு பண்ணி வரிசையா வச்சுப் பாத்தா ஒரு விஷயம் தெரிஞ்சுது. மலைக்கு வடக்கயும் மேற்கயும் இருக்கிறவங்க, அதாவது கொயுகான், கீழ் தனானா, மேல் கஸ்கோக்விம் மாதிரி மொழி பேசுறவங்க, எல்லாரும் "நெட்டையானது"ன்னு அர்த்தம் வர்ற மாதிரி கூப்பிடுறாங்க. தெற்குப் பக்கம் இருக்கிற டெனைனா, ஆட்னா ஜனங்க "பெரிய மலை"ன்னு அர்த்தம் வர்ற மாதிரி கூப்பிடுறாங்க. அதே மலைதான்.

ஏன் அப்படி? இது என் யூகம், மேப்பை விரிச்சு வச்சுப் பாத்து நானா சொல்றது. வடக்குப் பக்கம் தரை தாழ்வா, மரமில்லாத சமவெளியா கிடக்கு, ரெண்டாயிரம் மூவாயிரம் அடி உயரத்துலதான் இருக்கும், அங்க இருந்து பாத்தா விக்கர்ஷாம் சுவர்னு சொல்ற வடக்கு முகம் ஒரே இழுப்புல பதினாலாயிரம் அடிக்கு நேரா எழும்புது. கழுத்து வலிக்க அண்ணாந்து பாக்கணும். அப்படி பாக்குறவனுக்கு முதல்ல வாயில வர்ற வார்த்தை உசரம்தான். தெற்குப் பக்கம் அப்படி இல்ல, நடுவுல குன்று, பனியாறு, வேற சிகரம்னு அடுக்கடுக்கா கிடக்கு, அதுக்கெல்லாம் பின்னாடி தொடுவானத்துல பாதியை அடைச்சுக்கிட்டு இது உக்காந்திருக்கு. அவங்களுக்கு அது பெருசு. அவ்வளவுதான்.

இதுல இன்னொரு வேடிக்கை. அமெரிக்கா 1867ல 72 லட்சம் டாலர் குடுத்து அலாஸ்காவை வாங்குறதுக்கு முன்னாடி அது ரஷ்யாக்காரங்க கையில இருந்துச்சு, அவங்க வச்ச பேரு "பல்ஷாயா கரா", ரஷ்ய மொழியில பெரிய மலை. அவங்க கடை போட்டிருந்தது தெற்குக் கடற்கரையில, பழகினது டெனைனா ஜனங்களோட, அதனால தெற்குப் பேரு மொழிபெயர்ப்பாகி வந்திருக்கு. ஆனா 1834ல கிளாஸுனோவ்னு ஒருத்தர் உள்நாட்டுக்குள்ள கஸ்கோக்விம் ஆத்துப் பக்கம் போனார், அவர் பயணத்துக்கு அப்புறம் 1839ல ராங்கெல்ங்கிற ரஷ்ய அதிகாரி போட்ட மேப்புல அதே மலை "டெனாடா"ன்னு இருக்கு. எந்தப் பக்கம் நின்னு கேட்டாங்களோ அந்தப் பக்கத்துப் பேருதான் காதுல விழுந்திருக்கு. ரஷ்யாக்காரர் எழுதின மேப்பைப் பாத்தே அவர் எந்த வழியா போனார்னு சொல்லிடலாம் போல.

அதனால உங்க கேள்விக்கு பதில்: டெனாலின்னா நெட்டையானது. பெரிய மலைங்கிறதும் பொய் இல்ல, அது வேற மொழிக்காரங்க வச்ச வேற பேரோட அர்த்தம், இணையத்துல ரெண்டையும் போட்டு குழப்பிட்டாங்க. இன்னொண்ணும் கவனிங்க, இத்தனை பேர்ல ஒண்ணு கூட மனுஷன் பேரு கிடையாது. அத்தபாஸ்கன் ஜனங்களுக்கு இடத்துக்கு ஆள் பேரு வைக்கிற பழக்கமே கிடையாது. பாக்குறதுக்கு எப்படி இருக்கு, அங்க என்ன கிடைக்கும், எந்த ஆறு எங்க சேருது, இதுதான் பேரு.

கேள்வி: தெனாலிராமனுக்கும் இந்த டெனாலிக்கும் சம்பந்தம் உண்டா?

பதில்: கிடையாது. அந்த தெனாலி ஆந்திராவுல இருக்கிற ஊரு. இந்த கேள்வியை மட்டும் பதினோரு பேரு அனுப்பியிருக்கீங்க, நல்லா இருங்க.

கேள்வி: மெக்கின்லி யாரு? மலை ஏறுறவரா, கண்டுபிடிச்சவரா?

பதில்: ரெண்டும் இல்ல. அரசியல்வாதி. ஒஹையோ மாநிலத்துக்காரர், அமெரிக்காவோட 25வது ஜனாதிபதி. அலாஸ்கா பக்கமே அவர் போனது கிடையாது.

அப்புறம் எப்படி பேரு வந்துச்சுன்னா, 1896ல வில்லியம் டிக்கின்னு ஒருத்தர் தங்கம் தேடி சுசிட்னா ஆத்துப் பக்கம் போயிருந்தார். பிரின்ஸ்டன்ல படிச்ச ஆளு, ஆனா தங்க ஆசை யாரை விட்டுச்சு. அந்த சமயம் அமெரிக்கா முழுக்க ஒரே சண்டை, பணத்துக்கு தங்கம் ஆதாரமா இருக்கணுமா, வெள்ளியும் சேத்துக்கணுமான்னு. காட்டுக்குள்ள டிக்கிக்கு கூட வெள்ளிக் கட்சி ஆளுங்க சிலர் மாட்டியிருக்காங்க, அவங்க வாதம் பண்ணிப் பண்ணி மனுஷன் காதை புளிக்க வச்சிருக்காங்க. காட்டை விட்டு வெளிய வந்ததும் முதல் செய்தி, தங்கக் கட்சிக்காரர் மெக்கின்லி ஜனாதிபதி தேர்தலுக்கு வேட்பாளர் ஆயிட்டார்னு. உடனே அந்த பெரிய மலைக்கு மெக்கின்லின்னு பேரு வச்சிட்டார். வெள்ளிக்காரங்களை வெறுப்பேத்தத்தான் வச்சேன்னு பின்னாடி அவரே சொன்னதா சொல்வாங்க. 1897 ஜனவரியில நியூயார்க் சன் பத்திரிகையில கட்டுரை வந்துச்சு, மலை 20,000 அடிக்கு மேல இருக்கும்னும் அதுல எழுதியிருந்தார். அந்தக் கணிப்பு மட்டும் அசாத்தியம், கையில பெருசா கருவி எதுவும் இல்லாம கிட்டத்தட்ட சரியா சொல்லிட்டார். அடுத்த வருஷமே ராபர்ட் மல்ட்ரோ கருவி வச்சு அளந்து 20,464னு சொன்னார்.

அதுக்கு முன்னாடி கொஞ்ச நாள் தங்கம் தேடுறவங்க "டென்ஸ்மோர் மலை"ன்னு கூப்பிட்டுக்கிட்டு இருந்தாங்க, பிராங்க் டென்ஸ்மோர்னு இன்னொரு தங்கவேட்டைக்காரர் அந்த மலையைப் பத்தி பாக்குறவங்க கிட்டயெல்லாம் வாய் ஓயாம பேசுவாராம், அதனால அந்தப் பேரு. என்னைக் கேட்டா மெக்கின்லியை விட அவருக்கு கொஞ்சம் உரிமை ஜாஸ்தி, மலையைப் பாத்தாவது இருக்காரே.

1901 செப்டம்பர்ல மெக்கின்லியை சுட்டுக் கொன்னுட்டாங்க. செத்துப் போன ஜனாதிபதி பேரை யாரு எடுப்பா? அதோட அந்தப் பேரு கெட்டியாயிடுச்சு.

கேள்வி: அலாஸ்காக்காரங்களே வேண்டாம்னு சொன்னப்புறம் 1975ல இருந்து 2015 வரை நாற்பது வருஷம் ஏன் இழுத்துச்சு? ஒரு பேரு மாத்த இவ்வளவு நாளா?

பதில்: நாற்பது வருஷம்னு சொல்றதே கம்மி. 1917ல பூங்காவுக்காக பாடுபட்ட சார்லஸ் ஷெல்டன் அப்பவே டெனாலின்னு வைங்கன்னுதான் கேட்டார், யாரும் கேக்கல.

1975ல அலாஸ்கா சட்டசபையும் கவர்னர் ஜே ஹாமண்டும் முறைப்படி மத்திய அரசைக் கேட்டாங்க. அமெரிக்காவுல இடப்பேருக்குன்னே 1890ல ஆரம்பிச்ச ஒரு வாரியம் இருக்கு, அதுதான் முடிவு பண்ணும். அந்த வாரியத்துக்கு ஒரு வழக்கம், ஒரு பேரு சம்பந்தமா காங்கிரஸ்ல (அதாவது அமெரிக்க நாடாளுமன்றத்துல) மசோதா நிலுவையில இருந்தா அது முடியற வரைக்கும் தொடாது. ஒஹையோவுல கேன்டன்னு ஒரு ஊரு, மெக்கின்லி வாழ்ந்த ஊரு, அந்தப் பக்கத்து காங்கிரஸ் உறுப்பினர் ரால்ஃப் ரெகுலா இந்த ஓட்டையைக் கண்டுபிடிச்சார். பேரை மாத்தக்கூடாதுன்னு ஒரு மசோதா போடுவார். அது பாஸ் ஆக வேண்டிய அவசியமே இல்ல, சும்மா கிடந்தா போதும். அந்த காங்கிரஸோட பதவிக்காலம் முடிஞ்சதும் மசோதா செத்துடும், அடுத்த காங்கிரஸ்ல திரும்ப போடுவார். அவர் 2009ல ஓய்வு பெற்றப்புறமும் ஒஹையோக்காரங்க அதே வித்தையை தொடர்ந்தாங்க. ஒரு பைலை நகர விடாம வைக்கிறதுக்கு இதை விட மலிவான வழி நான் பாத்ததில்ல.

நடுவுல 1980ல ஒரு பெரிய நிலச் சட்டம் வந்தப்போ சமரசமா பூங்கா பேரை மட்டும் மாத்தினாங்க. கடைசியா 2015ல என்ன பண்ணாங்கன்னா, 1947ல போட்ட ஒரு சட்டத்துல வாரியம் நியாயமான காலத்துக்குள்ள முடிவு எடுக்கலைன்னா உள்துறைச் செயலரே எடுக்கலாம்னு ஒரு வரி இருக்கு, அதைப் பிடிச்சுக்கிட்டாங்க. நாற்பது வருஷம் நியாயமான காலம் இல்லைன்னு சொல்ல பெரிய வக்கீல் தேவையில்லையே.

இந்தக் களேபரத்துல எல்லாரும் மறந்த இன்னொண்ணு, 1965ல ஜனாதிபதி ஜான்சன் அந்த மலையோட ரெண்டு உச்சியையும் சேத்து "சர்ச்சில் சிகரங்கள்"னு அறிவிச்சார். வின்ஸ்டன் சர்ச்சில் நினைவா. மலைக்கு ஒருத்தர் பேரு, அதோட தலைக்கு வேறொருத்தர் பேரு. யாரும் கூப்பிடலை.

கேள்வி: எவரெஸ்டை விட இதுதான் உயரம்னு ஒரு வீடியோவுல சொன்னாங்களே அண்ணே, நிஜமா?

பதில்: இல்ல தம்பி. எவரெஸ்ட் கடல் மட்டத்துல இருந்து 8,849 மீட்டர், டெனாலி 6,190 மீட்டர், பக்கத்துல கூட வராது. ஆனா வீடியோக்காரர் முழுப் பொய்யும் சொல்லல, பாதியை முழுங்கிட்டார். எவரெஸ்ட் நிக்கிறதே திபெத் பீடபூமி மேல, காலடியே பதினேழாயிரம் அடி, அதுக்கு மேல அது எழும்புறது சுமார் பன்னிரண்டாயிரம் அடிதான். டெனாலியோட அடிவாரம் ரெண்டாயிரம் அடி, அங்க இருந்து பதினெட்டாயிரம் அடி எழும்புது. மேஜை மேல ஏறி நிக்கிறவனுக்கும் தரையில நிக்கிறவனுக்கும் உள்ள வித்தியாசம். எதிர்ல நின்னு பாத்தா டெனாலிதான் உசரமா தெரியும், அதைத்தான் வடக்குப் பக்கத்து ஜனங்க சொன்னாங்க.

எப்படி இவ்வளவு எழும்புச்சுன்னா, பசிபிக் தட்டு வடக்க நகர்ந்து வந்து அலாஸ்காவுக்கு அடியில புகுந்துக்கிட்டு இருக்கு, அந்த நெருக்கடியில நிலத்துல டெனாலி பிளவுன்னு ஒரு பெரிய விரிசல், அது வில்லு மாதிரி வளையுற இடத்துலதான் மலை நிக்குது. வளைவுல ஓடுற பாறை திரும்ப முடியாம மேல தள்ளுது. பாறை கிரானைட், வயசு ஏறக்குறைய 5 கோடியே 60 லட்சம் வருஷம், ஆனா மலையா எழும்ப ஆரம்பிச்சது சுமார் 60 லட்சம் வருஷத்துக்கு முன்னாடிதான். சுத்தி இருந்த மிருதுவான பாறையெல்லாம் பனி அரிச்சு எடுத்துக்கிட்டு போயிடுச்சு, கிரானைட் நின்னுடுச்சு. அந்தப் பிளவு இன்னும் தூங்கல, 2002 நவம்பர்ல 7.9 அளவுக்கு ஒரு நிலநடுக்கம் குடுத்துச்சு.

உயரம் மட்டும் பாத்து ஏமாறாதீங்க. 63 டிகிரி வடக்கு. துருவப் பக்கம் வளிமண்டலம் தாழ்வா இருக்கும், அதனால அங்க 20,000 அடியில மூச்சு வாங்குற பாடு பூமத்தியரேகைப் பக்கம் அதே உயரத்துல இருக்கிறதை விட ஜாஸ்தி. இந்தக் கணக்கு மேப்புல தெரியாது, நெஞ்சுக்குத்தான் தெரியும்.

கேள்வி: முதல்ல ஏறினது யாரு? குக் அப்படின்னு ஒரு பழைய புத்தகத்துல இருக்கு.

பதில்: புத்தகத்தை மூடி வைங்க. பிரெடரிக் குக் 1906ல ஏறிட்டேன்னு சொல்லி உச்சியில கொடியோட ஒரு போட்டோவும் போட்டார். போட்டோ எடுத்த இடம் ஐயாயிரத்து சொச்சம் அடி உயரத்துல இருக்கிற ஒரு குட்டிப் பாறை, நிஜ உச்சியில இருந்து சுமார் 19 மைல் தள்ளி. அவர் கூடப் போன எட் பேரில்ங்கிறவர் 1909ல நாங்க ஏறவே இல்லைன்னு பிரமாணப் பத்திரம் குடுத்தார், 1910ல பார்க்கர், பிரவுன்னு ரெண்டு பேரு தேடிப் போய் அதே பாறையைக் கண்டுபிடிச்சு அதே கோணத்துல போட்டோ எடுத்துக்கிட்டு வந்துட்டாங்க. இன்னைக்கு அந்த இடத்துக்குப் பேரே "போலிச் சிகரம்". இதுவும் மேப்புல இருக்கிற பேருதான் பாருங்க.

குக் கதையைக் கேட்டு கடுப்பான ஃபேர்பேங்க்ஸ் ஊரு தங்கச் சுரங்கக்காரங்க நாலு பேரு, மலை ஏறின அனுபவமே இல்லாதவங்க, மதுக்கடையில பேசிப் பேசி பந்தயத்துல இறங்கி 1910ல கிளம்பினாங்க. சாவர்டோ குழுன்னு சொல்வாங்க. அதுல பில்லி டெய்லரும் பீட் ஆண்டர்சனும் பதினோராயிரம் அடியில இருந்து கிளம்பி ஒரே நாள்ல வடக்கு உச்சியைத் தொட்டு இறங்கினாங்க, 18 மணி நேரம். சாப்பாட்டுக்கு ஒரு பை டோனட், பிளாஸ்க்ல சூடா சாக்லேட். கையில 14 அடி நீளத்துக்கு ஸ்ப்ரூஸ் மரக்கம்பு! ஊருல இருந்து டெலஸ்கோப்ல பாத்தா கொடி தெரியணுமாம், அதுக்காக சுமந்துக்கிட்டு போய் நட்டுட்டு வந்தாங்க. தெரியல. போதாததுக்கு குழுத் தலைவர் டாம் லாய்ட் ஊருக்கு வந்து நாலு பேரும் ரெண்டு உச்சியும் ஏறிட்டோம்னு அளந்து விட்டதால உண்மையா ஏறினதையும் யாரும் நம்பலை. அவங்க ஏறின வடக்கு உச்சி 19,470 அடி, தெற்கு உச்சிதான் நிஜ உச்சி, 840 அடி ஜாஸ்தி.

1912ல பார்க்கரும் பிரவுனும் தெற்கு உச்சிக்கு சில நூறு அடி கிட்ட போய் புயல்ல திரும்பிட்டாங்க. அவங்க இறங்கினதுக்கப்புறம் ஒரு பெரிய நிலநடுக்கம் வந்து, அவங்க போன பனி முகட்டை சுக்குநூறா உடைச்சுப் போட்டுச்சு.

அடுத்த வருஷம், 1913. ஹட்சன் ஸ்டக்னு ஒரு பாதிரியார், ஹாரி கார்ஸ்டன்ஸ், ராபர்ட் டேட்டம், வால்டர் ஹார்ப்பர். வழியில மல்ட்ரோ பனியாத்துல யாரோ அலட்சியமா போட்ட தீக்குச்சியில சர்க்கரை, பால் பவுடர், உலர்ந்த பழம், காலுறை, கூடாரத்துணி எல்லாம் எரிஞ்சு போச்சு. உடைஞ்ச முகட்டுல பனிக்கட்டிக்கு நடுவுல கோடாலியால படி வெட்டியே பல வாரம் போச்சு. மேல போற வழியில ஹார்ப்பர் திடீர்னு வடக்கு உச்சியைக் காட்டி கத்தினார், தூரத்துல குச்சி மாதிரி ஒண்ணு நிக்குது. மூணு வருஷம் முன்னாடி நட்ட அந்த 14 அடி கம்பு! ஊரே சிரிச்ச அந்தக் கதை பொய்யில்லைன்னு அந்த நிமிஷம்தான் நிரூபணம் ஆச்சு. ஜூன் 7ஆம் தேதி தெற்கு உச்சி. பட்டுக் கைக்குட்டையை வெட்டி டேட்டம் கையால தச்ச கொடி ஒண்ணு மேல பறந்துச்சு.

முதல்ல கால் வச்சது வால்டர் ஹார்ப்பர், வயசு 20. அப்பா அயர்லாந்துக்காரர், அம்மா கொயுகான். அம்மாதான் வளர்த்தாங்க, அம்மா மொழிதான் முதல் மொழி. புரியுதுங்களா? டெனாலின்னு பேரு வச்ச ஜனத்தோட பிள்ளைதான் டெனாலி மேல முதல்ல நின்னது. ஸ்டக் 1914ல எழுதின புத்தகத்தை ஆரம்பிக்கும்போதே மலைக்கு அதோட பழைய பேரைத் திருப்பிக் குடுங்கன்னு கேக்குறார், புத்தகத் தலைப்பும் "டெனாலி ஏற்றம்"தான். ஹார்ப்பர் மட்டும் ரொம்ப நாள் இருக்கலை. 1918 அக்டோபர்ல, கல்யாணம் ஆன புதுசு, மருத்துவம் படிக்கணும்னு மனைவியோட கப்பல் ஏறினார், பிரின்சஸ் சோஃபியாங்கிற அந்தக் கப்பல் பாறையில மோதி முழுகிடுச்சு. அதுல இருந்தவங்க ஒருத்தரும் பிழைக்கல.

நான் டெனாலின்னே எழுதிக்கிட்டு இருக்கிறதுக்கு காரணம் கேட்டவங்களுக்கு, அந்தப் பையனும் ஒரு காரணம்.

கேள்வி: டெனாலிக்கு மனைவி, குழந்தை எல்லாம் உண்டாமே? புராணமா?

பதில்: புராணமோ என்னவோ, பேரு உண்டு. பக்கத்துல ஃபோரேக்கர்னு ஒரு மலை, 17,400 அடி, பழங்குடி பேரு சுல்தானா, அர்த்தம் "அந்தப் பொம்பளை", டெனாலியோட மனைவி. ஹன்டர்னு இன்னொண்ணு, அதுக்கு பெகுயா, "டெனாலியோட பிள்ளை". ஃபோரேக்கர் யாருன்னு நினைக்கிறீங்க, அவரும் ஒஹையோ செனட்டர்தான். 1899ல ஒரு ராணுவ அதிகாரி வச்ச பேரு. மெக்கின்லியைப் பத்தி ஊரே சண்டை போடுது, ஃபோரேக்கரைப் பத்தி ஒரு சத்தமும் இல்ல, மனைவிக்கு பேரு மாத்த யாருக்கும் நேரமில்ல போல.

கேள்வி: நேர்ல போனா பாக்கலாமா?

பதில்: போகலாம், பாக்குறது மலையோட இஷ்டம். தானே மேகத்தை உண்டாக்கிப் போத்திக்கிற மலை அது, பூங்காவுக்கு போறவங்கள்ல மூணுல ஒருத்தருக்குத்தான் முகம் காட்டுதுன்னு சொல்வாங்க. ஆனா வானம் தெளிஞ்சா 130 மைல் தள்ளி ஆங்கரேஜ் நகரத்துல இருந்தே தெரியும்.

கேள்வி: இவ்வளவு பெரிய காட்டுல பேரு வைக்காத சிகரம் ஒண்ணாவது இருக்கும்ல? நான் போய் ஏறிட்டு என் பேரை வச்சுட்டு வரலாமா சார்?

பதில்: பேரு இல்லாத சிகரம் நிறைய இருக்கு. பூங்கா மொத்தம் 60 லட்சம் ஏக்கர், அதுல 20 லட்சத்துக்கு மேல சட்டப்படி "வனாந்தரம்"னு ஒதுக்கின நிலம், பழைய பூங்கா கிட்டத்தட்ட முழுக்க அதுக்குள்ள வந்துடும். ஆனா ரெண்டு சிக்கல். முதலாவது, நான் மேல சொன்ன அந்த இடப்பேர் வாரியத்தோட கொள்கை: வனாந்தரம்னு ஒதுக்கின இடத்துல பேரில்லாத மலைக்கோ ஓடைக்கோ புதுசா பேரு வைக்கவே கூடாது, பாதுகாப்பு மாதிரி ரொம்ப அவசியமான காரணம் இருந்தாதான் யோசிப்பாங்க. பேரு வச்சா அது மேப்புல ஏறும், மேப்புல ஏறினா ஆளு வரும், ஆளு வந்தா அது வனாந்தரமா இருக்காது, அந்தக் கணக்கு. 1896ல டிக்கிக்கு இந்த விதி இருந்திருந்தா இந்த இதழ்ல பாதிப் பக்கம் மிச்சமாகியிருக்கும். (ஏற்கெனவே பேரு இருந்த மலையைத்தான் அவர் பேரில்லைன்னு நினைச்சுக்கிட்டார்ங்கிறது வேற விஷயம்.)

ரெண்டாவது சிக்கல் கொஞ்சம் பெருசு. வாரியம் ஒரு ஆளோட நினைவா பேரு வைக்கணும்னா அந்த ஆளு செத்து 5 வருஷமாவது ஆகியிருக்கணும். உயிரோட இருக்கிறவங்க பேரை வைக்கச் சொல்ற விண்ணப்பம் செல்லாது. உங்க கடிதத்துல கையெழுத்து நல்லா தெம்பா இருக்கு, அதனால இப்போதைக்கு வாய்ப்பில்ல.

ஏறணும்னு ஆசை இருந்தா அதுக்குத் தடையில்ல, 60 நாள் முன்னாடி பதிவு பண்ணி, டல்கீட்னாங்கிற சின்ன ஊருல இருந்து குட்டி விமானம் பிடிச்சு, கஹில்ட்னா பனியாத்துல 7,200 அடியில இறங்கி அங்க இருந்து நடக்கணும். வருஷத்துக்கு ஆயிரத்துச் சொச்சம் பேரு முயற்சி பண்றாங்க, ஏறக்குறைய பாதிப் பேரு உச்சி பாக்குறாங்க. கிளம்பும்போது ரேஞ்சருங்க ஆளுக்கு ஒரு மூடி போட்ட பிளாஸ்டிக் டப்பா குடுப்பாங்க. சாப்பாட்டுக்குன்னு நினைச்சுடாதீங்க, மேல இருக்கிற வாரங்கள்ல நீங்க கழிக்கிறதை அதுல போட்டு முதுகுல கட்டிக்கிட்டு இறங்குறதுக்கு. பேரு மட்டும் இல்லீங்க, அதைக் கூட இஷ்டத்துக்கு அங்க விட்டுட்டு வர முடியாது.